கறுப்பாக விட்ட இடம்

போன மே மாத லீவுக்கு அண்ணன் மகன் மாதவரத்திலிருந்து வந்து எங்கள் வீட்டில் பத்து நாள் தங்கினான். பிளஸ் ஒன் முடித்திருந்தான். வந்த அன்றைக்கு ராத்திரி, பாத்திரமெல்லாம் கழுவிக் கவிழ்த்துவிட்டு, வழக்கம்போலக் கம்ப்யூட்டரில் ஒரு ஆட்டம் போட உட்கார்ந்தேன். கீழே மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. பையன் என் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றான். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. அப்புறம், "இன்னா அத்தே, விண்டோல ஆடிக்கினு இருக்க?" என்று கேட்டான். குரலில் கிண்டல் இல்லை, நிஜமாகவே கவலைப்பட்டான். என் தோளுக்கு மேலாகக் கையை நீட்டி ஆல்ட்டையும் என்டரையும் சேர்த்து அமுக்கினான். திரை ஒரு நொடி இருண்டது. பிறகு ஆட்டம் மூலைக்கு மூலை நிறைந்து நின்றது. "இப்பப் பாரு."

பார்த்தேன். நன்றாகத்தான் இருந்தது. இரண்டு ரவுண்டு ஆடினேன். பிறகு என் விரல் தானாகப் போய் அதே இரண்டு பட்டனையும் அமுக்கிவிட்டது. ஆட்டம் சுருங்கி, திரையின் இடது மேல்மூலையில் போய் உட்கார்ந்தது. "ஏன் அத்தே?" என்றான். மணி பார்க்கணும், ஆபீஸ் வாட்ஸ்அப் வந்தால் தெரியணும், டேங்க் நிரம்புகிற நேரம் கவனிக்கணும் என்று வரிசையாகச் சொன்னேன். எல்லாம் உண்மைதான். அவன் எல்லாவற்றுக்கும் போனைக் காட்டினான். மணி போனில் தெரியும், வாட்ஸ்அப் போனில் வரும், மோட்டாருக்குப் போனில் அலாரம் வைத்துக்கொள்ளலாம். அதிலும் தப்பில்லை. படுத்த பிறகும் அந்த 'ஏன்' என்னை விடவில்லை. பத்தொன்பது வருஷமாக எந்த கேம் போட்டாலும் நான் முதலில் திறப்பது செட்டிங்ஸைத்தான். ஃபுல் ஸ்க்ரீனை எடுத்துவிட்டு விண்டோ ஆக்கிய பிறகுதான் மற்றதெல்லாம். யாராவது காரணம் கேட்டால் சொல்ல என்னிடம் நாலு பதில் இருந்தது. நாலும் பிற்பாடு வந்து சேர்ந்த பதில்கள் என்பது எனக்கே அன்றைக்குத்தான் உறைத்தது.

ஒரு ஃப்ரேம் தாமதம்

மறுநாள் காலையில் அவன் விடுவதாக இல்லை. "விண்டோல ஆடுனா லேக் வரும் அத்தே. நீ கிளிக் பண்றது ஒரு ஃப்ரேம் லேட்டாத்தான் ஸ்க்ரீனுக்கு வரும். ரேங்க் ஆட்றவன் எவனும் விண்டோல ஆட மாட்டான்" என்றான். இதை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை, ஏனென்றால் அவன் சொன்னது ரொம்ப காலம் உண்மையாகவே இருந்த விஷயம். பழைய எக்ஸ்க்ளூசிவ் ஃபுல் ஸ்க்ரீனில் கேம் மானிட்டரையே தன் பேருக்கு எழுதி வாங்கிக்கொள்ளும். வரைந்து முடித்த படம் நடுவில் யார் கைக்கும் போகாமல் நேரே திரைக்கு வரும். விண்டோவுக்கு அந்தச் சலுகை கிடையாது. 2007இல் விண்டோஸ் விஸ்டா வந்தபோது கூடவே டெஸ்க்டாப் விண்டோ மேனேஜர் என்று ஒன்று வந்தது. திறந்திருக்கிற ஒவ்வொரு விண்டோவும் தன் படத்தை அதனிடம் ஒப்படைக்கணும். அது எல்லாவற்றையும் அடுக்கி ஒரே படமாகச் சேர்த்து, திரை அடுத்த தடவை புதுப்பிக்கும்போதுதான் காட்டும். நான் ஹார்பரில் சரக்கை எடுத்துக் கொடுக்கிற கிளியரிங் ஏஜென்ட் ஆபீஸில் வேலை பார்க்கிறவள். எனக்கு இது சட்டென்று புரிந்த விதம் வேறு: ஹார்பரிலிருந்து கன்டெய்னர் டைரக்ட் டெலிவரியில் நேரே பார்ட்டி குடோனுக்குப் போவது ஃபுல் ஸ்க்ரீன். ஹார்பருக்கு வெளியே கன்டெய்னர் வைக்கிற சிஎஃப்எஸ் யார்டில் இறக்கி வைத்து, அங்கே முறை வந்த பிறகு கிளம்புவது விண்டோ. சரக்கு அதேதான், நாள்தான் கூடும்.

அந்தக் கூடுதல் எவ்வளவு என்றால், நொடிக்கு 60 தடவை புதுப்பிக்கிற 60 ஹெர்ட்ஸ் திரையில் ஒரு ஃப்ரேம், அதாவது ஒரு படம், சுமார் 16.7 மில்லி செகண்ட். பள்ளிக்கூடத்தில் குறிலுக்கு ஒரு மாத்திரை, மாத்திரை என்றால் இயல்பாகக் கண் இமைக்கும் நேரம் என்று படித்தோம். அப்படி ஒரு இமைப்புக்குள் இந்த ஃப்ரேம் ஐந்தாறாவது அடங்கிவிடும். ஆனாலும் துப்பாக்கி ஆட்டத்தில் அந்த நேரத்துக்கு மதிப்பு உண்டு. ஒரே கதவை இரண்டு பேர் ஒரே சமயத்தில் எட்டிப் பார்க்கும்போது யார் விழுவது என்பதை அந்த ஒரு ஃப்ரேம் முடிவு பண்ணிவிடும். விஸ்டாவிலும் விண்டோஸ் 7லும் இந்த மேனேஜரை நிறுத்திவைக்க வழி இருந்தது. விண்டோஸ் 8இல் அந்த வழியும் மூடிப்போயிற்று.

ஆனால் பையன் பிறந்து வளர்ந்த இந்தப் பதினாறு வருஷத்தில் நிலைமை மாறியிருக்கிறது. விண்டோஸ் 8இலேயே படத்தைக் காப்பி எடுக்காமல் அப்படியே கைமாற்றிக் கொடுக்கிற ஃப்ளிப் மாடல் வந்துவிட்டது. விண்டோஸ் 10 காலத்தில் 'ஃபுல்ஸ்க்ரீன் ஆப்டிமைசேஷன்ஸ்' வந்தது. அது என்ன செய்கிறது என்று தெரிந்துகொண்டபோது எனக்கு நாள் முழுக்கச் சந்தோஷமாக இருந்தது. ஃபுல் ஸ்க்ரீன் என்று நாம் நினைத்து ஆடுகிற நிறைய கேம்கள் உள்ளுக்குள் ஓரம் இல்லாத பெரிய விண்டோவாகத்தான் ஓடுகின்றன. மேலே வேறு எதுவும் மறைக்காதபோது மேனேஜர் ஒதுங்கி வழி விட்டுவிடும், படம் நேரே திரைக்குப் போகும். ஆக, பையன் பெருமையாகச் சொன்ன ஃபுல் ஸ்க்ரீனே பல சமயம் ஒரு விண்டோதான். விண்டோஸ் 11இல் இன்னும் ஒரு படி மேலே போய், கேம்கள் படம் வரைய விண்டோஸ் தருகிற டைரக்ட்எக்ஸில், அதன் 10, 11ஆம் பதிப்புகளில் எழுதிய பழைய கேம்களையும் விண்டோவில் ஓடும்போது ஃப்ளிப் மாடலுக்கு மாற்றிக் கொடுக்கிற ஒரு ஸ்விட்ச், கிராபிக்ஸ் செட்டிங்ஸில் வைத்திருக்கிறார்கள்.

இதையெல்லாம் வாயால் சொன்னால் அவன் ஒப்புக்கொள்ள மாட்டான் என்று தெரியும். அளந்தே பார்த்துவிடலாம் என்றேன். அவன் போனில் நொடிக்கு 240 படம் எடுக்கிற ஸ்லோ மோஷன் இருந்தது. ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவே 4 மில்லி செகண்டுக்குக் கொஞ்சம் மேல். மேசையில் இரண்டு துவரம்பருப்பு டப்பாவை வைத்து, அதன் மேல் போனைச் சாய்த்து நிறுத்தினோம். மவுஸும் என் விரலும் திரையில் துப்பாக்கி வாயும் மூன்றும் ஒரே படத்தில் விழணும். மின்விசிறி மேசையை ஆட்டுகிறது என்று அதையும் நிறுத்தினான். மே மாதம், பதினொரு மணி வெயில், முதுகில் வியர்வை ஓடுகிறது. டைரக்ட்எக்ஸ் 11இல் ஓடுகிற ஒரு பழைய கேமை எடுத்துக்கொண்டோம். ஃபுல் ஸ்க்ரீனில் பத்து தடவை சுட்டேன், விண்டோவில் பத்து, அந்த ஸ்விட்சைப் போட்டு மறுபடி விண்டோவில் பத்து. பிறகு இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்து, விரல் அமுங்கிய படத்திலிருந்து துப்பாக்கி வாயில் வெளிச்சம் தெரிகிற படம் வரைக்கும் ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளி எண்ணினோம். அவன் எண்ண, நான் பழைய டிஸ்பேட்ச் நோட்டின் பின்பக்கத்தில் எழுதினேன். ஃபுல் ஸ்க்ரீனில் பெரும்பாலும் 12, 13. விண்டோவில் 16, 17. கணக்கு சரியாக வந்தது, நாலு படம் என்றால் ஒரு ஃப்ரேம். ஸ்விட்ச் போட்ட பிறகு விண்டோவிலும் 12, 13, ஒரே ஒரு தடவை 14. விரல் அமுங்கியது எந்தப் படத்தில் என்பதில் ஒன்றிரண்டு முன்னே பின்னே இருக்கலாம். ஆனாலும் அவன் நோட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். "சரி அத்தே, லேக் இல்ல" என்று சொன்னான். அந்த வயசில் ஒரு பையன் கணக்கைப் பார்த்துத் தன் வார்த்தையை வாபஸ் வாங்குவது சாதாரண விஷயம் இல்லை. அவன் மேல் எனக்கு மரியாதை வந்தது.

கணக்கு முடிந்ததே தவிரக் கேள்வி முடியவில்லை. போனை எடுத்துக்கொண்டு எழுந்தவன், திரும்பி மானிட்டரைப் பார்த்துவிட்டுக் கேட்டான்: "லேக் இல்ல, ஒத்துக்கிறேன். ஆனா ஏன் லெஃப்ட் மூலைல வெச்சிக்கிற? நடுவுல வெக்கலாம்ல? வால்பேப்பர் வேற கருப்பு. ஒரு ஐகான்கூட இல்ல. நீ இன்னாத்த பாக்குற அந்த எடத்துல?"

நான் போய் மின்விசிறியைப் போட்டேன்.

கல்மண்டபம், 2006

எங்கள் வீடு ராயபுரம் கல்மண்டபத்துக்குப் பக்கத்தில். ஒரு ஹால், ஒரு சமையலறை, வெளியே பொது நடை. 2004இல் அண்ணன் ரிச்சி ஸ்ட்ரீட்டில் ஒவ்வொரு பாகமாக விலை பேசி ஒரு கம்ப்யூட்டர் அசெம்பிள் பண்ணிக்கொண்டு வந்தான். 15 இஞ்ச் மானிட்டர், முன்பக்கம் பிதுங்கின கண்ணாடி, பின்பக்கம் ஒரு சின்ன அண்டா அளவுக்கு உடம்பு. ஹாலின் தெருப்பக்கச் சுவரை ஒட்டி அதற்கு ஒரு மேசை. அதற்கு எதிர்ப்பக்கம், மேசையில் உட்கார்ந்தால் வலது தோளுக்குப் பின்னால், ஆயா என்று நாங்கள் கூப்பிட்ட பாட்டியின் கட்டில்.

2006 தை மாதம் ஆயாவுக்குப் பக்கவாதம் வந்து வலது பக்கம் இழுத்துவிட்டது. பேச்சு குழறும், ஆனால் எங்களுக்குப் புரியும். அப்பா ஹார்பரில் ஷிப்ட். அம்மா பழைய வண்ணாரப்பேட்டையில் தையல் வேலை. அண்ணன் வேலைக்குப் போக ஆரம்பித்திருந்தான். எனக்குக் காலேஜ் காலை ஷிப்ட், ஒன்றரை மணிக்கெல்லாம் வீட்டுக்கு வந்துவிடுவேன். ஆக மத்தியானம் ஒன்றரையிலிருந்து ஆறு வரைக்கும் ஆயாவைப் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு. கஞ்சி கொடுத்து, மாத்திரை கொடுத்து, முதுகைத் துடைத்துவிட்டுப் படுக்க வைத்தால் ஆயா தூங்கும், முழிக்கும், மறுபடி தூங்கும். அந்த நாலு மணி நேரம் நான் கம்ப்யூட்டரில் கவுன்டர் ஸ்ட்ரைக் என்கிற துப்பாக்கி ஆட்டம் ஆடுவேன். இன்டர்நெட் இல்லை, எதிராளியாகக் கம்ப்யூட்டரே ஆடுகிற 'பாட்' போட்டுத்தான் ஆட்டம். துப்பாக்கிச் சத்தம் கேட்டால் ஆயா பதறும் என்பதால் ஹெட்போன் மாட்டிக்கொள்வேன்.

விண்டோவுக்கு நான் மாறிய முதல் காரணம் ஒரு சத்தம்தான். அந்தக் காலத்து மானிட்டரில் ரெசல்யூஷன், அதாவது திரையின் புள்ளிக் கணக்கு, மாறும்போது உள்ளே ரிலே என்கிற சின்ன ஸ்விட்ச் விழும். டெஸ்க்டாப் 1024க்கு 768, கேம் 640க்கு 480. கேமுக்குள் போனால் ஒரு 'டக்', ஆல்ட் டேப் போட்டு வெளியே வந்தால் ஒரு 'டக்'. சின்னச் சத்தம்தான், ஆனால் மத்தியான அமைதியில் சுவர் பல்லி சொல்வதைவிடப் பலமாகக் கேட்கும். ஒவ்வொரு தடவையும் ஆயா உடம்பு தூக்கிவாரிப் போடும். "இன்னாது கண்ணு வெடிக்குது?" என்று கேட்கும். யாரோ சொன்னார்கள், ஷார்ட்கட்டின் ப்ராப்பர்ட்டீஸில் கடைசியில் ஒரு கோடு போட்டு 'விண்டோ' என்று சேர்த்தால் கேம் விண்டோவில் திறக்கும் என்று. சேர்த்தேன். ரெசல்யூஷன் மாறவில்லை, ரிலே விழவில்லை, சத்தம் நின்றது.

இரண்டாவது காரணம் நான் தேடிப் போனது இல்லை, தானாக வந்தது. 640க்கு 480 விண்டோவை இடது மேல்மூலையில் வைத்தால், வலது பக்கம் 384 பிக்சலும் அடியில் 288 பிக்சலும் மீதி இருக்கும். திருப்பிப் போட்ட 'ட' மாதிரி ஒரு இடம். அதில் அண்ணன் வைத்திருந்த அருவிப் படம் தெரியும். ஒரு நாள் அந்தப் படம் ஏதோ கோளாறில் போய், டெஸ்க்டாப் வெறும் கறுப்பாக வந்தது. சரி செய்ய சோம்பலாக இருந்ததால் அப்படியே ஆட உட்கார்ந்தேன். ஆட்டத்தின் நடுவே வலது பக்கக் கறுப்பில் ஏதோ அசைந்தது. ஹெட்போனைக் கழற்றிவிட்டு உற்றுப் பார்த்தேன். ஆயாவின் இடது கை. கட்டில் விளிம்பைத் தடவிக்கொண்டிருந்தது. அந்தப் பிதுங்கின கண்ணாடியில், கறுப்பு இருந்த இடம் முழுக்க எனக்குப் பின்னால் இருந்த ஹால் சின்னதாக, வளைவாகத் தெரிந்தது. கட்டில், அதன் பக்கத்தில் ஸ்டூல், ஸ்டூல் மேல் சொம்பு, அதற்குப் பின்னால் சமையலறைக் கதவு. கேம் வெளிச்சமாக ஓடிய இடத்தில் மட்டும் ஒன்றும் தெரியவில்லை.

அன்றைக்கே டாஸ்க்பாரை மறைத்தேன், ஐகான்களை எடுத்தேன். திரையில் கேமைத் தவிர மற்ற இடமெல்லாம் சுத்தக் கறுப்பு. அந்த நாளில் ஆடும்போது எனக்கு மணியே தெரியாது. மணி பார்க்கத்தான் விண்டோ என்று பையனிடம் சொன்னேனே, ஆரம்பத்தில் கதை நேர் எதிராக இருந்திருக்கிறது. ஆட்டத்தில் ஒரு ரவுண்டு முடிந்து அடுத்தது தொடங்கும் இடைவெளியில் கண் வலப்பக்கம் போகும். கை அசைந்தால் தண்ணீர். தலை அசைந்தால் தலையணை சரிந்திருக்கும். கால் மட்டும் அசைந்தால் கொசு. காதை மூடிக்கொண்டு உட்கார்ந்தவளுக்கு அந்தக் கறுப்புதான் காது. சில வாரத்தில் கண் போவதுகூட எனக்குத் தெரியாமல் ஆயிற்று. கார் ஓட்டுகிறவர்கள் பக்கக் கண்ணாடியைப் பார்ப்பது மாதிரி.

புதன்கிழமை

அண்ணனும் அவன் நண்பர்களும் தண்டையார்பேட்டையில் ஒரு பிரவுசிங் சென்டரில் ஞாயிற்றுக்கிழமை, அங்கிருக்கிற கம்ப்யூட்டர்களை ஒன்றோடொன்று இணைத்து லேன் மேட்ச் ஆடுவார்கள், ஐந்துக்கு ஐந்து. ஒரு வாரம் ஒருவன் ஊருக்குப் போய்விட்டதால் என்னைக் கூப்பிட்டான். அங்கே போய் ஆடுகிற முதல் பெண் நான்தான் என்று நினைக்கிறேன், எனக்கு அதில் பெருமை தாங்கவில்லை. "விண்டோல பழகிட்டுப் போயி அங்க ஃபுல் ஸ்க்ரீன்ல ஆடுனா தடுமாறிடுவ பாப்பா. இந்த வாரம் ஃபுல் ஸ்க்ரீன்லயே ஆடு" என்று சொல்லி, ஷார்ட்கட்டில் நான் சேர்த்ததை அழித்துவிட்டான். அவன் சொன்னது சரியான யோசனைதான். திரை பெரிதானால் மவுஸை நகர்த்துகிற அளவு கண்ணுக்கு வேறு மாதிரி படும். தூரத்தில் நிற்கிற ஆள் பெரிதாகத் தெரிவான். திங்கள், செவ்வாய் இரண்டு நாளும் நன்றாக ஆடினேன். இவ்வளவு நாள் ஒரு தீப்பெட்டிக்குள் ஆடிக்கொண்டிருந்த மாதிரி இருந்தது.

புதன்கிழமை இரண்டு மணிக்கு உட்கார்ந்தேன். ஒரு மேப் முழுக்க ஜெயித்துக்கொண்டு வந்தேன். அப்படி ஒரு நாள் எனக்கு அதற்கு முன்னால் அமைந்ததில்லை. நான் எட்டிப் பார்க்கிற ஒவ்வொரு மூலையிலும் என் குண்டு முதலில் போகிறது. கதவு, சந்து, படிக்கட்டு எல்லாம் என் கண்ணைச் சுற்றி நிற்கிறது. ஃபுல் ஸ்க்ரீன் என்றால் அதுதான், அதைக் குறை சொல்ல எனக்கு மனசு வராது. ராயபுரம் இல்லை, மீன் வாசம் இல்லை, வெயில் இல்லை, நான் வேறு எங்கோ இருந்தேன்.

நாலு மணி வாக்கில் கரன்ட் போயிற்று. யுபிஎஸ் எல்லாம் நாங்கள் வாங்கவில்லை. படம் நடுவில் ஒரு புள்ளியாகச் சுருங்கி மறைந்தது. மின்விசிறி இறங்குகிற சத்தம். திரை முழுக்கக் கறுப்பு. கதவு வழியாக வந்த வெளிச்சத்தில் ஹால் மொத்தமும் கண்ணாடியில் வந்து நின்றது. நடுவில் நான், ஹெட்போனோடு, வாய் லேசாகத் திறந்து. வலது பக்கம் கட்டில். கட்டிலில் யாரும் இல்லை.

திரும்பினேன். ஆயா கீழே, கட்டிலுக்கும் பீரோவுக்கும் நடுவில், சுவரில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்திருந்தது. வலது கால் அடியில் மடங்கியிருந்தது. புடவை நனைந்திருந்தது. சொம்பு உருண்டு பீரோவின் காலடியில் கிடந்தது. எங்கள் வீட்டில் சிவப்பு சிமென்ட் தரை. போரிங் தண்ணீர் உப்பு. கொட்டிக் காய்ந்தால் ஓரத்தில் வெள்ளையாகக் கோடு விழும். தரையில் கொட்டின தண்ணீரைச் சுற்றி அந்த வெள்ளைக் கோடு விழுந்திருந்தது. நடுவில் மட்டும்தான் ஈரம். ரொம்ப நேரம் ஆகியிருக்கிறது என்று அந்தக் கோட்டைப் பார்த்ததும் தெரிந்தது.

அம்மாவைவிட ஆயா கனம். கக்கத்தில் கை கொடுத்துத் தூக்கினேன், முடியவில்லை. நடையில் போய்ப் பக்கத்து வீட்டு அக்காவைக் கூப்பிட்டு இரண்டு பேருமாகத் தூக்கிப் படுக்க வைத்தோம். அடி ஒன்றும் பெரிதாகப் படவில்லை, முழங்கையில் சிராய்ப்பு. புடவை மாற்றிவிட்டு, தண்ணீர் கொடுத்து, "கூப்பிட்டிருக்கக் கூடாதா ஆயா?" என்று கேட்டேன். கேட்கும்போதே அழுதுவிட்டேன். ஆயா இடது கையால் என் கன்னத்தைத் தடவி, குழறலோடு சொன்னது: "நீ ஆடிக்கினு இருந்த கண்ணு. அதான் கூப்டல."

கூப்பிட்டிருக்கும். எனக்குத் தெரியும். இரண்டு தடவை, மூன்று தடவை கூப்பிட்டிருக்கும். ஹெட்போனில் எனக்குக் கேட்டிருக்காது. கேட்கவில்லை என்பதை என் மேல் போடாமல் இருக்க, கூப்பிடவே இல்லை என்று சொல்லிவிட்டது. இதை நான் வீட்டில் யாரிடமும் சொன்னதில்லை. கரன்ட் வந்ததும் ஷார்ட்கட்டைத் திறந்து கோடு போட்டு விண்டோ என்று திரும்பச் சேர்த்தேன். ஞாயிற்றுக்கிழமை மேட்சுக்குப் போனேன், அம்மா வீட்டில் இருந்ததால். சுமாராக ஆடினேன்.

அதற்குப் பிறகு நிறைய யோசித்திருக்கிறேன். கேம் செய்கிறவர்கள் ஆடுகிறவனுக்கு ஒரு தனி அறை இருக்கும், அதற்கு ஒரு கதவு இருக்கும், கதவைச் சாத்திக்கொள்ளலாம் என்று எடுத்துக்கொள்கிறார்கள். ஃபுல் ஸ்க்ரீன் அந்த அறைக்கான ஆட்டம். 1999இல் வந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் இரண்டாம் பாகத்தைப் பின்னாளில் விண்டோஸ் 7இல் போட்டபோது கடல் தண்ணீர் ஊதா நிறத்தில் வந்தது. அந்த கேம் 256 நிறம் கொண்ட ஒரு தட்டை வைத்துக்கொண்டு வரையும், எக்ஸ்ப்ளோரர் வந்து அந்தத் தட்டில் கை வைத்துக் குழப்பிவிடும். அண்ணன் சொன்ன வைத்தியம், டாஸ்க் மேனேஜரில் போய் எக்ஸ்ப்ளோரரையே நிறுத்திவிட்டு ஆடுவது. டாஸ்க்பார், கடிகாரம், ஐகான் எல்லாவற்றையும் காட்டுவது அந்த எக்ஸ்ப்ளோரர்தான். தண்ணீர் நீலமாக இருக்கணும் என்றால் வீட்டில் மற்ற எல்லாரையும் வெளியே அனுப்பணும். அந்த கேமை எனக்கு ரொம்பப் பிடிக்கும், இருந்தாலும் அதைச் செய்ய ஒவ்வொரு தடவையும் கை தயங்கும்.

எங்கள் பக்கத்து ஆட்டம் கேரம். புது வண்ணாரப்பேட்டைப் பெண் காசிமா 2024 நவம்பரில் அமெரிக்காவில் நடந்த கேரம் உலகக் கோப்பையில் மூன்று தங்கம் வாங்கிக்கொண்டு வந்தபோது தெருவெல்லாம் அதே பேச்சு. 74 சென்டிமீட்டர் சதுரப் பலகை, மேலே தொங்குகிற ஒரு பல்பு, போரிக் பவுடர். எங்கள் தெரு முனையில் ஆடுகிறவர்களைப் பார்த்தே வளர்ந்தவள் நான். ஸ்ட்ரைக்கரை வைத்துக் குறி பார்க்கும்போது அந்த ஆள் மூச்சுகூட விட மாட்டார். அடித்து முடித்த மறு நொடி தலை நிமிர்ந்து, "டேய், லாரி வந்துச்சா?" என்று கேட்பார். தண்ணீர் லாரி வந்தால் பலகையை அப்படியே விட்டுவிட்டுக் குடத்தோடு ஓடுவார்கள், காய் யாரும் கலைக்க மாட்டார்கள், திரும்பி வந்து அதே இடத்திலிருந்து ஆடுவார்கள். அவர்கள் ஆட்டத்தில் கவனம் குறைவு என்று எவனும் சொல்ல முடியாது. பலகையைச் சுற்றிச் சட்டம் இருக்கிறது, சட்டத்துக்கு வெளியே தெரு இருக்கிறது. எனக்கு விண்டோ அப்படித்தான்.

தனி அறை உள்ளவர்கள், வீட்டில் வேறு யாராவது பார்த்துக்கொள்கிறவர்கள், ராத்திரி எல்லாரும் தூங்கிய பிறகு ஆடுகிறவர்கள் ஃபுல் ஸ்க்ரீனில் ஆடட்டும். அந்தப் புதன்கிழமை இரண்டு மணி நேரத்தில் நான் அனுபவித்தது பெரிய சந்தோஷம், அதை நான் யாருக்கும் மறுக்க மாட்டேன். ஆனால் விண்டோவில் ஆடுகிறவர்களைப் பார்த்து, இவர்கள் ஆட்டத்தைச் சரியாக எடுத்துக்கொள்ளாதவர்கள் என்று சொல்கிற பேச்சை மட்டும் என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை. வீட்டில் படுத்திருக்கிற ஒருவர், தவழ்கிற குழந்தை, அடுப்பில் பால் என்று ஒரு கண்ணை வெளியே வைத்துக்கொண்டு ஆடுகிறவர்கள் எத்தனை பேர். அவர்கள் இரண்டு வேலையையும் முழுசாகச் செய்கிறார்கள்.

ஆயா 2009இல் போய்ச் சேர்ந்தது, தூக்கத்தில். கட்டிலை எடுத்துவிட்டோம். கண்ணாடியின் வலது பக்கத்தில் அதன் பிறகு வெறும் சுவர் தெரிந்தது. கண் மட்டும் போய்ப் போய் வரும். 2012இல் எல்சிடி வாங்கினோம். அதன் முகத்தில் எதுவும் தெரியாது, கறுப்பு வெறும் கறுப்பாகவே இருக்கும். விண்டோ இடது மூலையில் இருப்பதை நான் மாற்றவில்லை. வால்பேப்பரும் மாற்றவில்லை. ஏன் மாற்றவில்லை என்று என்னை நானே கேட்டதும் இல்லை, அந்தப் பையன் கேட்கும் வரைக்கும்.

அவனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். புதன்கிழமையையும் சொன்னேன். ஆயா போனபோது அவன் கைக்குழந்தை, முகம் தெரியாது. தரையில் கால் நீட்டி உட்கார்ந்து கேட்டான், போனைத் தொடவில்லை. ரொம்ப நேரம் கழித்து, "அந்த மானிட்டர் எங்க அத்தே?" என்றான். லாஃப்டில் இருக்கிறது. காயலான் கடைக்குப் போடச் சொல்லி அம்மா எத்தனையோ தடவை சொல்லியாயிற்று, நான் விடவில்லை. அவன் ஸ்டூல் போட்டு ஏறி, நெஞ்சோடு அணைத்து இறக்கினான். இரண்டு பேரும் பிடித்து, பழைய இடத்திலேயே, எல்சிடியைத் தள்ளிவிட்டு வைத்தோம். ஒயர் எதுவும் மாட்டவில்லை. அவன் பனியனைக் கழற்றித் தண்ணீரில் நனைத்துக் கண்ணாடியைத் துடைத்தான். முதல் துடைப்பில் சேறு மாதிரி வந்தது. மூன்றாவது துடைப்பில் கதவு தெரிந்தது, நடை தெரிந்தது, நடையில் காய்கிற துணி தெரிந்தது.

நாற்காலியில் உட்கார்ந்தான். "கட்டில் எங்க இருந்துச்சு?"

கண்ணாடியிலேயே விரல் வைத்துக் காட்டினேன். இப்போது அங்கே ஃப்ரிட்ஜ் நிற்கிறது. அவன் திரும்பி ஃப்ரிட்ஜைப் பார்க்கவில்லை. என் விரல் இருந்த இடத்தையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.